நெவேனா கொக்கானொவா: பல்கேரியத் திரையின் முதல் நாயகி பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யார் இவர்?

பல்கேரியத் திரைப்பட நடிகை. 1938 டிசம்பர் 12 அன்று நாட்டின் தென்மேற்கிலுள்ள துப்னிட்சா நகரில் பிறந்தார். 2000 ஜூன் 3 அன்று சோஃபியாவில் காலமானார். முதல் படம் 1957இல் வந்தது. அதன் பிறகு ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் திரையிலும் மேடையிலுமாக வாழ்ந்தவர். 'பல்கேரிய சினிமாவின் முதல் பெண்மணி' என்று அவருடைய நாட்டில் சொன்னால் வேறு யாரையும் நினைக்க மாட்டார்கள்.

பெயரை எப்படிச் சொல்வது? எப்படித் தேடுவது?

நெ-வே-னா, கொக்-கா-னொ-வா. முதல் பெயரில் அழுத்தம் 'வே' மீதும் இரண்டாவதில் 'கா' மீதும் விழும். தமிழில் ஒற்றைக் 'க' போட்டு எழுதினால் வாசிப்பவர் 'கொஹானொவா' என்று வாசித்துவிடுவார். ஆகவே இரட்டித்து எழுதுவதே சரி.

படத்தின் தொடக்கத்தில் ஓடும் பெயர் வரிசையில் அவர் பெயரைக் கண்டுபிடிக்க ஓர் எளிய வழி உண்டு. பல்கேரியர்கள் சிரில்லிக் எழுத்தைப் பயன்படுத்துகிறார்கள். ஆங்கிலப் பெரிய எழுத்து 'எச்' போலத் தெரிவது அங்கே 'ன'. வயிறு இரண்டாக உப்பிய 'பி' போலத் தெரிவது 'வ'. 'சி' போலிருப்பது 'ஸ', 'எக்ஸ்' போலிருப்பது 'ஹ'. இதன்படி 'நெவேனா' என்ற பெயர் திரையில் எச், ஈ, பி, ஈ, எச், ஏ என்ற ஆறு எழுத்துகளாகத் தெரியும். ஒருமுறை கண்ணில் பதிந்துவிட்டால் எந்தப் படத்திலும் நொடியில் பிடித்துவிடலாம்.

தொழில்நுட்பக் கலைஞர்களின் பட்டியலில் பலரும் ஏமாறுகிற சொல் 'ஒப்பெராத்தொர்'. அது ஒளிப்பதிவாளரைக் குறிக்கிறது, புரொஜெக்டர் ஓட்டுபவரை அல்ல. 'ஹுதோஷ்னிக்' என்றால் ஓவியர், ஆனால் சினிமாவில் கலை இயக்குநர். 'ரெஜிசியோர்' இயக்குநர். கடைசியில் 'க்ராய்' என்று வந்தால் படம் முடிந்தது.

தேடலில் இன்னொரு சிக்கல் அவருடன் பணியாற்றியவர்களின் பெயர்கள். பல்கேரிய மொழியில் ஒரு தனி உயிரெழுத்து உண்டு. அகரத்துக்குப் பக்கத்தில், வாயை அதிகம் திறக்காமல் வரும் ஒலி. ஆங்கிலத்தில் எழுதுகிறவர்கள் சிலர் அதற்கு 'யூ' போடுகிறார்கள், சிலர் 'ஏ' போடுகிறார்கள். இயக்குநர் வலோ ராதெவ் ஒரு பட்டியலில் 'வுலோ' ஆகவும் இன்னொன்றில் 'வாலோ' ஆகவும் இருப்பது இதனால்தான். இருவரும் ஒருவரே. இரண்டு வடிவத்திலும் தேடுங்கள்.

நடிப்புப் பள்ளியில் படித்தவரா?

இல்லை. அவர் காலத்தில் பல்கேரியாவில் நடிகர்கள் வழக்கமாக வந்த வழி, 1948இல் சோஃபியாவில் தொடங்கிய உயர் நாடகக் கல்வி நிலையம். கொக்கானொவா அந்த வழியில் வரவில்லை. தென்கிழக்கே துஞ்ஜா ஆற்றங்கரையிலுள்ள யாம்போல் நகர நாடக அரங்கில் பயிற்சி நடிகையாகச் சேர்ந்தார். அப்போது பதின்ம வயதைத் தாண்டவில்லை. அங்கிருந்து நேராகப் படப்பிடிப்புத் தளத்துக்குப் போனார்.

இதை ஒரு குறையாகச் சொல்கிறவர்கள் உண்டு. அவருடைய நடிப்பைப் புரிந்துகொள்ள இதுவே திறவுகோல் என்பது எங்கள் கருத்து. நாடகப் பள்ளியின் முதல் பாடம், கடைசி வரிசையில் இருப்பவருக்கும் கேட்கும்படி, தெரியும்படி செய்வது. குரல் உயரும், கை விரியும், தலை திரும்பும். 1950களின் பல்கேரியப் படங்கள் பலவற்றில் இந்த மேடைப் பழக்கத்தைக் கண்கூடாகப் பார்க்கலாம். கொக்கானொவாவிடம் அதைத் தேடினாலும் கிடைக்காது. அவர் செய்வது மிகக் குறைவு.

அந்தக் 'குறைவு' கேமராவுக்கு ஏன் அவ்வளவு முக்கியம்?

கணக்கைப் பாருங்கள். 35 மி.மீ. பிலிமில் 75 மி.மீ. லென்ஸ், அதன் ஒளித்துளை (அபெர்ச்சர்) f/2.8, நடிகரின் முகம் ஒன்றரை மீட்டர் தூரத்தில். இது சாதாரணமான அண்மைக் காட்சிதான். இதில் கூர்மையாகத் தெரியும் ஆழம் ஏறத்தாழ ஐந்தரை சென்டிமீட்டர். கண்ணை மையமாக வைத்துக் கூர்மை பிடித்திருந்தால், நடிகர் உணர்ச்சிவசப்பட்டு மூன்று விரல் அகலம் முன்னால் சாய்ந்தாலே கண் மங்கிவிடும். வெளிச்சம் குறைந்தால் துளையைப் பெரிதாக்க வேண்டும், அப்போது அந்த ஆழம் இன்னும் சுருங்கும். மேடைப் பழக்கம் உள்ளவரை வைத்து இப்படிப்பட்ட காட்சியை எடுப்பது பெரும்பாடு. ஒன்று கேமராவைத் தள்ளி வைக்க வேண்டும், அல்லது மறுபடி மறுபடி எடுக்க வேண்டும்.

தலையை அசைக்காமல், பார்வையை மட்டும் நகர்த்தி, ஒரு எண்ணம் முகத்தில் உதித்து மறைவதைக் காட்டத் தெரிந்த நடிகை ஒளிப்பதிவாளருக்குக் கிடைத்தால் அவர் நெருங்கி வருவார். கொக்கானொவாவின் வாழ்க்கையில் நடந்தது அதுதான்.

அவருடைய சிறந்த படங்களுக்கும் ஒளிப்பதிவாளர்களுக்கும் என்ன தொடர்பு?

இயக்குநர்களின் வரிசையை மட்டும் பார்த்தால் அவர் பாதை துண்டு துண்டாகத் தெரியும். கேமராவுக்குப் பின்னால் நின்றவர்களைப் பார்த்தால் ஒரே கோடு தெரியும்.

1962இல் நிக்கோலா கொராபொவ் இயக்கிய 'புகையிலை' (த்யுத்யுன்) வந்தது. அதன் ஒளிப்பதிவாளர் வலோ ராதெவ். மாஸ்கோவில் ஒளிப்பதிவு படித்துத் திரும்பியவர். அந்தப் படம் முழுக்க கொக்கானொவாவின் முகத்தை வியூஃபைண்டர் வழியாகப் பார்த்தவர் அவர். இரண்டு வருடம் கழித்து, 1964இல், ராதெவ் தாமே இயக்குநராகி முதல் படத்தை எடுத்தார். அது 'பீச் திருடன்' (க்ரதெட்சத் ந ப்ரஸ்கோவி). நாயகியாக யாரைத் தேர்ந்தெடுத்தார் என்று சொல்லவே வேண்டாம்.

'பீச் திருட'னுக்கு ஒளிப்பதிவு தோதொர் ஸ்தொயானொவ். மூன்று வருடம் கழித்து, 1967இல், இந்த ஸ்தொயானொவும் இயக்கத்துக்கு வந்தார். நாடக இயக்குநர் க்ரிஷா ஒஸ்த்ரொவ்ஸ்கியுடன் சேர்ந்து 'மாற்றுப்பாதை' (ஒத்க்லொனெனியெ) எடுத்தார். ஒளிப்பதிவும் அவரே. நாயகி மறுபடி கொக்கானொவா.

ஐந்து வருடத்தில் இரண்டு ஒளிப்பதிவாளர்கள், அவர் முகத்தைப் படம்பிடித்த பிறகு இயக்குநரானபோது அவரையே மையமாக வைத்துப் படம் எடுத்திருக்கிறார்கள். கொக்கானொவாவைப் பற்றிப் பேசுகிறவர்கள் அவருடைய அழகைச் சொல்லி நிறுத்திவிடுகிறார்கள். அழகானவர்கள் அந்தத் தளத்தில் வேறு பலரும் இருந்தார்கள். தங்கள் முதல் படத்தை நம்பி ஒப்படைக்கும் அளவுக்குத் துல்லியமானவராக அந்த இருவரும் கண்டது இவரைத்தான்.

எந்தப் படத்திலிருந்து தொடங்கலாம்?

'பீச் திருடன்'. பிறகு 'மாற்றுப்பாதை'. மூன்றாவதாகப் 'புகையிலை'. வெளியான வரிசை இது அல்ல என்று தெரிந்தேதான் சொல்கிறோம். 'புகையிலை' பெரிய நாவல் ஒன்றின் படமாக்கம். பாத்திரங்கள் அதிகம், அரசியல் பின்னணி அதிகம். அதில் தொடங்குகிறவர்களில் பலர் யார் யாருக்கு என்ன உறவு என்று தெரியாமல் பாதியில் விட்டுவிடுகிறார்கள். 'பீச் திருட'னில் முக்கியமானவர்கள் மூன்றே பேர்.

பொழுதுபோக்காகத் தொடங்க நினைத்தால் 1963இல் ரங்கெல் வல்ச்சானொவ் இயக்கிய 'இன்ஸ்பெக்டரும் இரவும்' பார்க்கலாம். துப்பறியும் கதை. இன்ஸ்பெக்டராக கெயோர்கி கலொயான்ச்செவ். பெரிய நகைச்சுவை நடிகரான அவர் அடக்கி வாசிப்பதையும், எதிரே கொக்கானொவா இன்னும் அடக்கி வாசிப்பதையும் பார்ப்பது தனிச் சுகம்.

'பீச் திருடன்' பார்க்கும் முன் என்ன தெரிந்திருக்க வேண்டும்?

காலம் 1918, முதல் உலகப் போரின் கடைசி மாதங்கள். இடம் வெலிக்கோ தர்னோவோ, யாந்த்ரா ஆறு வளைந்து வளைந்து ஓடும் குன்றுகளின் மேல் அடுக்கடுக்காக வீடுகள் நிற்கும் பழைய தலைநகரம். பல்கேரியா ஜெர்மனியின் பக்கம் நின்று போரிட்டது, செர்பியா எதிரி. செர்பியப் போர்க்கைதிகள் அந்த ஊரில் அடைத்து வைக்கப்பட்டிருக்கிறார்கள். ஊரில் உணவு இல்லை, வீரர்களிடம் போரைத் தொடரும் மனம் இல்லை. அதே ஆண்டு செப்டம்பரில் படைவீரர்கள் கிளர்ந்தெழுந்தார்கள். செப்டம்பர் 29 அன்று பல்கேரியா போர்நிறுத்தத்தில் கையெழுத்திட்டது.

ஊரின் படைத்தலைவரான கர்னலின் மனைவி லிசா. ஊருக்கு வெளியே தோட்ட வீட்டில் இருக்கிறாள். பசி தாங்காமல் பீச் பழம் திருட வரும் செர்பியக் கைதி இவோவைத் தோட்டத்தில் பார்க்கிறாள். கர்னலாக மிஹைல் மிஹைலொவ், இவோவாக யூகோஸ்லாவிய நடிகர் ராதெ மார்கோவிச். மூலக்கதை அதே தர்னோவோவில் பிறந்த எமிலியான் ஸ்தானெவின் குறுநாவல். முடிவைச் சொல்லப்போவதில்லை.

எதிரி நாட்டவனைக் காதலிக்கும் பெண்ணை, குற்றவாளியாக்காமல், பாடம் புகட்டாமல் ஒரு பல்கேரியப் படம் அவளுடைய கண்களாலேயே பார்த்தது அந்தக் காலத்தில் சிறிய விஷயம் இல்லை. திரைத்துறை முழுவதும் கம்யூனிஸ்ட் அரசின் கையில் இருந்தது, கதைகள் கலை மன்றங்களின் ஒப்புதல் பெற்றே படமாயின. 1956க்குப் பிறகு கட்டுப்பாடு கொஞ்சம் தளர்ந்தது. 1957இல் திரைக்கு வந்த கொக்கானொவா அந்தத் தளர்வின் பிள்ளை. பத்து வருடம் முன்பு வந்திருந்தால் தொழிற்சாலைக் கதைகளில் சிரித்துக்கொண்டு கொடி பிடிக்கும் பெண்ணாக நின்றிருப்பார்.

இந்தப் படத்தில் ஒரு பயிற்சி செய்து பாருங்கள். தோட்டத்தில் லிசாவும் இவோவும் சந்திக்கும் காட்சிகளை ஒருமுறை வசனத்தோடு பாருங்கள். பிறகு ஒலியை அணைத்து, சப்டைட்டிலையும் அணைத்து அதே காட்சிகளைப் பாருங்கள். பயம் எந்த இடத்தில் இரக்கமாகிறது, இரக்கம் எந்த இடத்தில் வேறொன்றாகிறது என்பதை வசனம் இல்லாமலே சொல்லிவிடலாம். அவர் இமைகளைத் தாழ்த்தி எடுக்கும் நேரத்தைக் கவனியுங்கள். அவசரமே இல்லாத நேரம் அது.

'புகையிலை' ஏன் கடினமாக இருக்கிறது? எப்படிப் பின்தொடர்வது?

திமிதர் திமொவின் நாவல் 1951இல் வெளியானது. கட்சி விமர்சகர்கள் அதைக் கடுமையாகத் தாக்கியதால் ஆசிரியர் திருத்தி எழுத நேர்ந்தது. 1954இல் வந்த திருத்திய பதிப்பில் கம்யூனிஸ்ட் பாத்திரங்கள் கூடியிருந்தன. திமொவ் தொழிலால் கால்நடை மருத்துவர், உடற்கூறியல் பேராசிரியர். மனிதர்கள் அழுகுவதையும் அதே குளிர்ந்த கண்ணோடு எழுதினார்.

கதைச் சுருக்கத்தை மனதில் வைத்துக்கொண்டு பாருங்கள். ஏழை லத்தீன் ஆசிரியரின் மகன் போரிஸ் மொரெவ். சிற்றூர்க் காவலரின் மகள் இரினா. இருவரும் காதலிக்கிறார்கள். போரிஸ் 'நிக்கொதியானா' என்ற புகையிலை நிறுவனத்தில் ஏறிப்போக, முதலாளியின் மகளை மணக்கிறான். மருத்துவம் படிக்கும் இரினா அவனுடைய காதலியாகவே தொடர்கிறாள், மெல்ல அந்தப் பணக்கார உலகத்தின் பகுதியாகிறாள். பின்னணியில் இரண்டாம் உலகப் போர் நெருங்குகிறது, வருகிறது, முடிகிறது. இந்த நான்கு வரி தெரிந்தால் போதும்.

படம் வந்தபோது கொக்கானொவாவுக்கு வயது 23. புகையிலை வயல்களுக்கு நடுவே நிற்கும் பள்ளிப் பெண்ணிலிருந்து எல்லாவற்றிலும் சலித்துப்போன பெண் வரை அவரே நடித்தார். ஒப்பனை இதில் பாதி வேலையைத்தான் செய்கிறது. தொடக்கத்தில் அவர் எதிரே இருப்பவரை நேராகப் பார்க்கிறார். பிற்பகுதியில் பார்வை வந்து சேரவே நேரமாகிறது. 1963இல் இந்தப் படம் கான் திரைப்பட விழாவின் போட்டிக்குப் போனது.

'மாற்றுப்பாதை' குழப்புகிறதே. எது இப்போது, எது பழையது?

நேதாவும் பொயானும் மாணவப் பருவத்தில் காதலித்துப் பிரிந்தவர்கள். பதினேழு வருடம் கழித்து ஒரு சாலையில் தற்செயலாகச் சந்திக்கிறார்கள். அவள் இப்போது தொல்லியலாளர், அவன் பொறியாளர். காரில் சேர்ந்து போகிறார்கள். அந்தப் பயணம்தான் படத்தின் நிகழ்காலம். கார், சாலை, கண்ணாடிக்கு வெளியே ஓடும் நிலம் தெரிந்தால் இப்போது. கூட்டங்கள், மாணவர் விடுதிகள், உரத்த விவாதங்கள் என்றால் 1940களின் கடைசி. 'இந்தக் காட்சி எந்த ஆண்டு, அடுத்தது எந்த ஆண்டு' என்று கணக்குப் பார்க்க வேண்டாம். நினைவு எந்த வரிசையில் வருமோ அந்த வரிசையில் வருகிறது.

புது சமூகம் கட்டும் வேகத்தில், காதலும் சொந்தம் கொண்டாடுவதும் பழைய உலகத்தின் பழக்கம் என்று நினைத்த தலைமுறை அது. அந்த நினைப்பின் விலையைத்தான் இந்தக் கார் பயணம் எண்ணிப் பார்க்கிறது. திரைக்கதை கவிஞர் ப்லாகா திமித்ரொவா எழுதியது. பின்னாளில், 1992இல், நாட்டின் துணைக் குடியரசுத் தலைவரானவர்.

28 வயதில் கொக்கானொவா இருபது வயதுப் பெண்ணாகவும் நாற்பதை நெருங்கும் பெண்ணாகவும் ஒரே படத்தில் மாறி மாறி வருகிறார். வித்தியாசத்தைக் குரலில் தேடுங்கள். இளம் நேதா வாக்கியத்தை முடிக்க அவசரப்படுகிறாள். மூத்த நேதா பாதியில் விட்டுவிடுகிறாள். பொயானாக நடித்த இவான் அந்தோனொவ் பிற்பாடு நல்ல இயக்குநரானார். 1967 மாஸ்கோ விழாவில் படம் தங்கப் பரிசும், ஃபிப்ரெசி என்ற சர்வதேசத் திரை விமர்சகர் கூட்டமைப்பின் பரிசும் பெற்றது.

தேடும்போது எச்சரிக்கை: ஆங்கிலத்தில் இந்தப் படத்துக்கு வைத்த பெயர்களில் ஒன்றான 'டீடூர்', 1945இல் வந்த அமெரிக்கக் குற்றப் படத்தின் பெயரும்தான். ஆண்டையும் சேர்த்துத் தேடாவிட்டால் அதுதான் முதலில் வந்து நிற்கும். 'சைட்டிராக்' என்ற பெயரிலும் தேடிப் பாருங்கள்.

சப்டைட்டிலில் எதெல்லாம் தொலைந்துபோகிறது?

மூன்று விஷயங்கள். மூன்றும் அவர் நடிப்பைப் புரிந்துகொள்ளத் தேவை.

முதலாவது நீ, நீங்கள் வேறுபாடு. பல்கேரிய மொழியில் 'தி' என்றால் நீ, 'வியெ' என்றால் நீங்கள். ஆங்கில சப்டைட்டில் இரண்டையும் 'யூ' ஆக்கிவிடும். தமிழ் காதுக்கு இது எவ்வளவு பெரிய இழப்பு என்று விளக்க வேண்டியதில்லை. காதல் கதைகளில் 'வியெ' எந்த நொடியில் 'தி' ஆகிறது என்று காதைத் தீட்டிக் கேளுங்கள். ஒலி எளிமையானதால் மொழி தெரியாதவரும் பிடித்துவிடலாம்.

இரண்டாவது விளி. பல்கேரிய மொழி வேற்றுமை உருபுகளைப் பெரும்பாலும் இழந்துவிட்டது, ஆனால் நம்முடைய எட்டாம் வேற்றுமை போல விளியை விடாமல் வைத்திருக்கிறது. பொயான் என்பவனைக் கூப்பிடும்போது 'பொயானெ', நேதாவைக் கூப்பிடும்போது 'நேதொ'. புதிதாகப் பார்க்கிறவர்கள் இது வேறு ஆள் என்று நினைத்துக் குழம்புவார்கள். பெயரின் கடைசியில் உயிர் மாறினாலோ புதிதாகச் சேர்ந்தாலோ, கூப்பிடுகிறார் என்று எடுத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாவது தலையாட்டல். பல்கேரியர்கள் தலையை இரண்டு பக்கமும் ஆட்டினால் 'தா', அதாவது ஆமாம். மேலே ஒரு வெட்டு வெட்டினால் 'நே', இல்லை. மேற்கத்திய விமர்சகர்கள் இதைத் தலைகீழாகப் புரிந்துகொண்டு ஒரு காட்சியின் பொருளையே மாற்றிவிட முடியும். பக்கவாட்டில் தலையசைத்து 'சரி' சொல்லிப் பழகிய நமக்கு இது அவ்வளவு சிரமமாக இருக்காது. கொக்கானொவா பேசாமல் பதில் சொல்லும் இடங்களில் இதை நினைவில் வையுங்கள்.

கணவர் இயக்கிய படங்கள் எப்படி?

கணவர் லுபொமிர் ஷர்லாஞ்ஜியெவ் முக்கியமான இயக்குநர். 'காரம்போல்' (1966), 'பாதாம் வாசனை' (1967), 'எனக்குத் தெரிந்த மிக நல்ல மனிதர்' (1973) ஆகியவற்றில் இருவரும் சேர்ந்து பணியாற்றினார்கள். 'பாதாம் வாசனை'யும் 'மாற்றுப்பாதை'யும் ஒரே ஆண்டு. அதே ஆண்டில் ராதெவின் 'மிக நீண்ட இரவு' படத்திலும் இருக்கிறார். ஒரு நடிகையின் உச்ச ஆண்டு எது என்று கேட்டால் தயங்காமல் 1967 என்று சொல்லலாம்.

ஷர்லாஞ்ஜியெவ் 1979இல் இறந்தார். அப்போது பாதியில் நின்ற 'மூன்று கொடிய பாவங்கள்' படத்தைக் கொக்கானொவாவே முடித்துக் கொடுத்தார். 1980இல் வெளியானது. இயக்கத்தில் அவர் பெயரும் இருக்கிறது. ஆண்டுப் பட்டியல்களில் இது 1979 என்றும் 1980 என்றும் மாறி மாறி வருவது இதனால்தான்.

1970களில் அவர் திரையிலிருந்து காணாமல் போனாரா?

இல்லை. நாயகி இடத்திலிருந்து விலகிக் கூட்டத்துக்குள் வந்தார், அவ்வளவுதான். இயக்குநர் லுத்மில் கிர்க்கொவும் எழுத்தாளர் கெயோர்கி மிஷெவும் சேர்ந்து உருவாக்கிய படங்கள் இந்தப் பருவத்தில் முக்கியம். 'பையன் போகிறான்' (1972), அதன் தொடர்ச்சி 'போகாதே' (1976). இரண்டிலும் இளைஞனாக ஃபிலிப் த்ரிஃபோனொவ். தலைப்புகள் இரண்டும் ஒரே வினைச்சொல்லின் இரண்டு வடிவங்கள் என்பது ஆங்கில மொழிபெயர்ப்பில் தெரியாமல் போய்விடுகிறது.

1977இல் 'தாய்வழி ஆட்சி' (மத்ரியார்ஹாத்). ஆண்கள் எல்லாம் நகரத்துக்கு வேலைக்குப் போய்விட, கிராமத்தில் பெண்கள் மட்டும் மிஞ்சுகிறார்கள். வயல், மாடு, வீடு எல்லாம் அவர்கள் தலையில். காத்யா பஸ்கலெவா, எமிலியா ராதெவா போன்ற பெரிய நடிகைகள் நிறைந்த படம். 'பீச் திருடன்' லிசாவைத் தேடி இந்தப் படத்துக்குப் போனால் ஏமாறுவீர்கள். யாரும் முன்னால் வந்து நிற்காத படம் இது. அவரும் நிற்கவில்லை. அதில் அவருடைய தொழில் நேர்மை தெரிகிறது.

வெளிநாட்டுப் படங்களில் நடித்தாரா?

இத்தாலிய இயக்குநர் லிலியானா கவானியின் 'கலிலேயோ' (1968) இத்தாலியும் பல்கேரியாவும் சேர்ந்து தயாரித்த படம். கலிலேயோவாக அயர்லாந்து நடிகர் சிரில் குசாக். அவருடைய துணைவி மரினாவாகக் கொக்கானொவா. தீயில் எரிக்கப்படும் ஜொர்தானோ புரூனோவாகக் கலொயான்ச்செவ். கொக்கானொவாவுக்குப் பங்கு சிறியதுதான்.

பிரதி சரியாக இருக்கிறதா என்று எப்படித் தெரிந்துகொள்வது?

பழைய பல்கேரியப் படங்கள் பல, தொலைக்காட்சியில் ஒளிபரப்பானதிலிருந்து பதிவு செய்யப்பட்டு உலவுகின்றன. அவற்றில் இரண்டு கோளாறுகள் அடிக்கடி வரும்.

ஒன்று, படம் பக்கவாட்டில் இழுக்கப்பட்டிருக்கும். 'மாற்றுப்பாதை'யில் காரின் சக்கரத்தைப் பாருங்கள். முட்டை வடிவமாகத் தெரிந்தால் விகிதம் தவறு. பிளேயரில் நான்குக்கு மூன்று என்று மாற்றிப் பார்த்து, சக்கரம் வட்டமாகும்வரை சரிசெய்யுங்கள். இதைச் செய்யாமல் பார்த்தால் நடிகையின் முகம் அகன்று, கண்களுக்கு இடையிலான தூரம் கூடி, அண்மைக் காட்சிகள் எல்லாம் வீணாகும்.

மற்றது வேகம். திரையரங்கில் வினாடிக்கு 24 சட்டகங்கள், ஐரோப்பியத் தொலைக்காட்சியில் 25. அப்படியே ஓட்டினால் படம் நான்கு சதவீதம் வேகமாகும். 100 நிமிடப் படம் 96 நிமிடத்தில் முடியும், குரலும் கொஞ்சம் மேலே ஏறும். பட்டியலில் உள்ள நீளத்துக்கும் உங்கள் கையிலுள்ளதற்கும் நான்கைந்து நிமிடம் வித்தியாசம் இருந்தால் காட்சி வெட்டப்பட்டது என்று முடிவு கட்டாதீர்கள். முதலில் 0.96ஆல் பெருக்கிப் பாருங்கள். அதற்கும் மேல் குறைந்தால்தான் வெட்டு.

சோஃபியாவுக்குப் போகிறவர்கள் 'ஒதியோன்' திரையரங்கின் நிகழ்ச்சி நிரலைப் பார்க்கலாம். தேசியத் திரைப்படக் காப்பகம் தன் படங்களைத் திரையிடும் அரங்கு அது. வெளிச்சத்தைப் பிலிமில் கணக்குப் போட்டு எடுத்தவர்களின் வேலையைப் பெரிய திரையில் பார்ப்பதே முறை.

1989க்குப் பிறகு என்ன ஆனது?

கம்யூனிஸ்ட் ஆட்சி வீழ்ந்ததோடு அரசு தயாரிப்பு முறையும் சரிந்தது. 1980களில் ஆண்டுக்கு இருபதுக்கு மேல் கதைப்படங்கள் எடுத்த நாட்டில், 1990களில் விரல் விட்டு எண்ணும் அளவே வந்தன. ஐம்பதைத் தாண்டிய நடிகைகளுக்குப் பாத்திரம் எழுத யாரும் இல்லை. விடோஷா மலையடிவாரத்திலிருந்த பொயானா ஸ்டுடியோவே பின்னர் வெளிநாட்டு நிறுவனத்துக்கு விற்கப்பட்டது. கொக்கானொவாவுக்கு மிஞ்சியது மேடை. அவர் இறந்தது புற்றுநோயால்.

அவர் பெயரில் ஏதாவது இருக்கிறதா?

யாம்போல் நகர நாடக அரங்கு. பயிற்சி நடிகையாக அவர் முதலில் ஏறிய அந்த மேடை இன்று 'நெவேனா கொக்கானொவா நாடக அரங்கு' என்றே வழங்குகிறது. சோஃபியாவிலிருந்து கிழக்கே கருங்கடல் துறைமுகமான புர்காஸ் நோக்கிப் போகிறவர்கள் வழியில் யாம்போலில் இறங்கிப் பார்க்கலாம். வாசலிலுள்ள பெயர்ப் பலகையை வாசிக்க, மேலே சொன்ன எச், ஈ, பி, ஈ, எச், ஏ போதும்.